இசைத்தட்டு வணிகமும் திரைப்படத் தயாரிப்பும்: ஏ.வி. மெய்யப்பனின் தொழில் வாழ்வை முன்வைத்து ஓர் ஆய்வு

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்த் திரைப்பட வரலாற்றில் ஏ.வி. மெய்யப்பன் (1907–1979) படத் தயாரிப்பாளராகவும் ஸ்டுடியோ அதிபராகவுமே பெரிதும் அறியப்படுகிறார். அவர் திரைத்துறைக்குள் நுழைந்த வாயில் இசைத்தட்டு வணிகம் என்பது வாழ்க்கைக் குறிப்பாக மட்டும் சொல்லப்பட்டு வந்துள்ளது. அவ்வணிகத்தில் உருவான மூன்று எண்ணங்கள் அவருடைய தயாரிப்பு முறையைத் தீர்மானித்தன என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. பாடல் தனித்து விற்கத்தக்க பொருள் என்பது முதலாவது. குரலைப் பாடுபவரின் உடலிலிருந்து பிரிக்க இயலும் என்பது இரண்டாவது. பாடலுக்கு உரிமையாளர் ஒருவர் உண்டு என்பது மூன்றாவது. ‘நந்தகுமார்’, ‘ஸ்ரீவள்ளி’, ‘நாம் இருவர்’, ‘அந்த நாள்’ ஆகிய படங்களும் பாரதியார் பாடல்களின் உரிமை குறித்து எழுந்த சிக்கலும் இவ்வாய்வுக்குச் சான்றுகளாகின்றன.

திறவுச் சொற்கள்: ஏ.வி. மெய்யப்பன், சரஸ்வதி ஸ்டோர்ஸ், இசைத்தட்டு, பின்னணிக் குரல், பாரதியார் பாடல்கள், பதிப்புரிமை, தமிழ்த் திரையிசை.

முன்னுரை

தமிழில் பேசும்படம் 1931இல் ‘காளிதாஸ்’ வழியே அறிமுகமானது. அதற்குக் கால் நூற்றாண்டுக்கு முன்பே இசைத்தட்டு தமிழகத்துக்கு வந்துவிட்டது. ஆகவே தமிழர் இயந்திரத்தின் வழியே குரலைக் கேட்கப் பழகியது திரையரங்கில் அன்று. கிராமபோன் பெட்டியின் முன்னர்தான். நாடக மேடையில் எஸ்.ஜி. கிட்டப்பாவும் கே.பி. சுந்தராம்பாளும் பாடிய பாட்டுகள் இசைத்தட்டில் ஏறி, நாடகக் கொட்டகையைக் காணாத ஊர்களுக்கும் சென்றன. நாடகம், இசைத்தட்டு, திரைப்படம் ஆகிய மூன்றையும் இணைத்துக் காணவேண்டிய தேவையைச் சு. தியடோர் பாஸ்கரன், ஸ்டீபன் ஹியூஸ் முதலியோர் தம் ஆய்வுகளில் வலியுறுத்தியுள்ளனர்.

இவ்விணைப்பு தனிமனிதர் ஒருவருடைய தொழில் வாழ்வில் எவ்வாறு செயற்பட்டது என்பதை அறிய மெய்யப்பனின் வாழ்வு சிறந்த களமாக அமைகிறது. அவர் இசைத்தட்டு விற்பனையாளராகத் தொடங்கி, இசைத்தட்டு வெளியீட்டாளராக வளர்ந்து, பின்னர் படத் தயாரிப்பாளரானவர். தொழில் மாறினாலும் அவர் கையாண்ட பொருள் மாறவில்லை. அது பதிவு செய்யப்பட்ட பாட்டு. அந்தப் பாட்டு அவர் கையில் என்னவாயிற்று, அதனால் பயனடைந்தோர் யாவர், மறைந்துபோனோர் யாவர் என்னும் வினாக்களை முன்வைத்து இக்கட்டுரை அமைகிறது.

காரைக்குடிக் கடையிலிருந்து சென்னைக்கு

மெய்யப்பன் 1907 சூலை 28இல் காரைக்குடியில் நகரத்தார் குடும்பம் ஒன்றில் பிறந்தார். தந்தையார் ஆவிச்சி செட்டியார் அவ்வூரில் ‘ஏ.வி. அண்ட் சன்ஸ்’ என்னும் பெயரில் கடை நடத்தினார். அங்கு விற்கப்பட்ட பொருள்களுள் கிராமபோன் இசைத்தட்டும் ஒன்று. நகரத்தார் பலர் பர்மா, மலேயா, இலங்கை ஆகிய நாடுகளில் வட்டித் தொழில் செய்த காலத்தில், மெய்யப்பன் உள்ளூர்க் கடையிலேயே தொழில் பயின்றார்.

சில்லறை விற்பனையாளருக்கு வாய்க்கும் அறிவு தனித்தன்மை உடையது. எந்தப் பாட்டு நகர்கிறது, எது அலமாரியில் தங்குகிறது, வாங்க வருபவர் பாடகர் பெயரைச் சொல்லிக் கேட்கிறாரா, பாட்டின் முதலடியைச் சொல்லிக் கேட்கிறாரா என்பனவற்றை அவர் நாள்தோறும் காண்கிறார். எந்தப் பதிவு விலைபோகும் என்று முன்கூட்டியே மதிப்பிடும் திறன் இவ்வாறுதான் உருவாகிறது. பிறர் பதிந்ததை விற்பதோடு நில்லாமல், எதைப் பதிவது என்று முடிவு செய்யும் இடத்துக்குச் செல்ல மெய்யப்பன் விரும்பினார். 1930களின் தொடக்கத்தில் கே.பி. வரதாச்சாரி உள்ளிட்ட பங்குதாரர்களுடன் சேர்ந்து சென்னையில் ‘சரஸ்வதி ஸ்டோர்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார். வரதாச்சாரி இசைத்தட்டுத் துறையில் முன்னரே பட்டறிவு பெற்றவர்.

சரஸ்வதி ஸ்டோர்ஸும் ஓடியனும்

சரஸ்வதி ஸ்டோர்ஸ் செருமானிய இசைத்தட்டு நிறுவனமான ஓடியனுடன் தொடர்பு கொண்டது. ஓடியன் இருபக்க இசைத்தட்டுகளை வெளியிடுவதில் முன்னோடியாக விளங்கிய நிறுவனம். 1931இல் உருவான இ.எம்.ஐ. குழுமத்துக்குள் பின்னர் அடங்கியது. இத்தகைய ஏற்பாட்டில் பன்னாட்டு நிறுவனத்திடம் தொழில்நுட்பம் இருந்தது. எந்தக் கலைஞரை அழைப்பது, எந்தப் பாட்டைப் பதிவது, எவ்வூரில் விற்பது என்னும் அறிவு உள்ளூர் வணிகரிடம் இருந்தது. இசைத்தட்டுக் காலத்தில் தமிழிசைத் தேர்வைத் தீர்மானித்தோர் அவையினரோ புரவலரோ மட்டும் அல்லர். இத்தகைய வணிகரும்தான் என்பதை நினைவிற்கொள்ள வேண்டும்.

அக்காலத் தட்டு நிமிடத்துக்கு 78 முறை சுழல்வது. பத்து அங்குலத் தட்டின் ஒரு பக்கம் ஏறத்தாழ மூன்று நிமிடங்களே கொள்ளும். விரிவான ஆலாபனைக்கும் நிரவலுக்கும் அதில் இடமில்லை. மேடையில் அரைமணி நேரம் விரியும் உருப்படி மூன்று நிமிடத்துக்குள் சுருங்கவேண்டியிருந்தது. இக்கட்டாயத்தால் தொடக்கமும் முடிவும் திட்டமாக வரையறுக்கப்பட்ட, எங்கும் ஒரே அளவாக ஒலிக்கும், விலை குறித்து விற்கத்தக்க ஒரு பண்டமாகப் பாடல் மாறியது. முழு நாடகத்தையும் உரையாடலும் பாட்டுமாகச் சுருக்கிப் பல தட்டுகளில் பதிந்து விற்ற நாடகத் தொகுதிகளும் அக்காலத்தில் செல்வாக்குப் பெற்றிருந்தன. காட்சி இல்லாமல் ஒலியால் மட்டும் கதை சொல்லும் அம்முறை, பேசும்படத் தயாரிப்புக்கு நல்லதொரு பயிற்சிக் களம் எனலாம்.

தொடக்கத் தோல்விகள் கற்பித்தவை

பேசும்படம் செல்வாக்குப் பெற்றபோது மெய்யப்பன் ‘சரஸ்வதி சவுண்ட் புரொடக்‌ஷன்ஸ்’ என்னும் நிறுவனத்தின் வழியே படத் தயாரிப்பில் இறங்கினார். நிறுவனத்தின் பெயரிலேயே ஒலி முன்னிற்பது கருதத்தக்கது. ‘அல்லி அர்ஜுனா’ (1935), ‘ரத்னாவளி’ (1935) ஆகிய இரு படங்களும் அடுத்தடுத்துத் தோல்வியடைந்தன.

‘அல்லி அர்ஜுனா’ கல்கத்தாவில் படமாக்கப்பட்டது. சென்னையில் பேசும்படத் தளங்கள் போதிய அளவில் உருவாகாத அக்காலத்தில், தமிழ்ப்படம் எடுப்போர் கல்கத்தாவுக்கும் பம்பாய்க்கும் புனேவுக்கும் செல்லவேண்டியிருந்தது. நடிகர், பாடகர், பக்கவாத்தியக்காரர், எழுத்தாளர் என முழுக் குழுவையும் தொலைதூர நகருக்கு அழைத்துச் சென்று, வாடகைத் தளத்தில், மொழி அறியாத தொழில்நுட்பக் கலைஞரைக் கொண்டு படமெடுப்பது பெருஞ்செலவும் சிறு கட்டுப்பாடும் உடைய முறை. இசைத்தட்டுத் தொழிலில் ஒரு பாட்டு தோற்றால் ஒரு தட்டின் முதலே போகும். படம் தோற்றால் முழு முதலும் போகும். தனித்தனிப் பாட்டுகளை அடுக்குவது படமாகிவிடாது என்பதையும், தளமும் கருவியும் தம் கட்டுப்பாட்டில் இல்லாதவரை தரம் கைகூடாது என்பதையும் இத்தோல்விகள் உணர்த்தின. தமக்கென ஒரு ஸ்டுடியோ வேண்டும் என்னும் மெய்யப்பனின் விடாப்பிடிக்கு இங்குத்தான் வேர் இருக்கிறது.

குரலும் உடலும்

மெய்யப்பன் ‘பிரகதி பிக்சர்ஸ்’ வழியே தயாரித்த ‘நந்தகுமார்’ (1938) அவரை மீட்டெடுத்தது. டி.ஆர். மகாலிங்கம் சிறுவன் கண்ணனாக இப்படத்தில் அறிமுகமானார். இப்படத்தின் வரலாற்றுச் சிறப்பு பின்னணிக் குரலில் உள்ளது. நடிகை ஒருவருக்காக லலிதா வெங்கடராமன் என்பவர் பாடினார். தமிழ்ப்படத்தில் ஒருவர் வாயசைக்க மற்றொருவர் பாடும் முறை இப்படத்திலேயே தொடங்கியதாகத் திரை வரலாற்றாளர் குறிப்பிடுவர். 1935இல் கல்கத்தாவின் நியூ தியேட்டர்ஸ் நிறுவனம் வங்காளி, இந்திப் படங்களில் இம்முறையைக் கையாண்டிருந்தது.

அன்றைய நடைமுறையில் நடிப்போரே பாடவேண்டும். முகத்தோற்றத்தைவிடக் குரலே நடிகரைத் தேர்ந்தெடுக்கும் அளவுகோலாக இருந்தது. படப்பிடிப்பின்போதே ஒலியும் பதிவானதால், வாத்தியக் கலைஞர் ஒளிப்படக் கருவியின் கண்ணில் படாமல் மரத்தின் பின்னும் திரையின் பின்னும் மறைந்து வாசித்தனர். இதனை மாற்றும் எண்ணம் இசைத்தட்டு வணிகருக்கு எளிதில் தோன்றியிருக்கக் கூடியது. இசைத்தட்டு கேட்போர் பாடுபவரின் முகத்தைக் காண்பதில்லை. குரலை மட்டும் விலைகொடுத்து வாங்குகின்றனர். உடலிலிருந்து பிரிந்த குரலை விற்றுப் பழகியவருக்கு, அக்குரலை வேறோர் உடலில் பொருத்துவது அடுத்த படியே ஆகும்.

இந்த எண்ணம் படிப்படியாக விரிந்தது. 1943இல் கன்னடத்தில் வெளிவந்த அரிச்சந்திரன் கதைப்படத்துக்குத் தமிழ் உரையாடல் சேர்த்து 1944இல் தமிழ்ப்படமாக வெளியிட்டார். தமிழில் மொழிமாற்றுப் படத்தின் தொடக்கம் இதுவே. இங்குப் பாட்டு மட்டுமன்றிப் பேச்சும் உடலிலிருந்து பிரிக்கப்பட்டது.

‘ஸ்ரீவள்ளி’ (1945) இவ்வகையில் மிகவும் விரிவாக நோக்கத்தக்கது. முருகனாக டி.ஆர். மகாலிங்கமும் வள்ளியாகக் குமாரி ருக்மிணியும் நடித்தனர். ருக்மிணியே தம் பாடல்களைப் பாடியிருந்தார். மகாலிங்கத்தின் உச்சத்தாயிக் குரலுக்கு எதிரே அப்பாடல்கள் எடுபடவில்லை என்று மெய்யப்பன் கருதினார். எனவே பி.ஏ. பெரியநாயகியைப் பாடச் செய்து, ருக்மிணியின் வாயசைவுக்குப் பொருந்துமாறு அக்குரலை இணைத்தார். பின்னணிப் பாடலில் பாட்டு முன்னர்ப் பதிவாகி நடிகர் அதற்கு வாயசைப்பார். இங்கோ, ஏற்கெனவே அசைந்துவிட்ட வாய்க்குப் பிறிதொருவர் பாடவேண்டியிருந்தது. இழுப்பு, மூச்சு, சொல்லின் நீளம் அனைத்தும் திரையில் உள்ளவாறே அமையவேண்டிய கடினமான பணி அது. படம் பெருவெற்றி பெற்றது.

இவ்வெற்றியின் மறுபக்கத்தையும் ஆய்வாளர் கருதவேண்டும். ருக்மிணியின் முகம் நிலைத்தது; அவர் பாட்டு நீக்கப்பட்டது. பெரியநாயகியின் பாட்டு நிலைத்தது. அவர் முகம் திரையில் இல்லை. இருவருக்கும் உரியவற்றிலிருந்து ஒரு வள்ளியை உருவாக்கும் அதிகாரம் தயாரிப்பாளரிடம் சேர்ந்தது. பாடத் தெரிந்தவரே நடிக்கலாம் என்னும் தடை நீங்கியதால் நடிப்புக்கலை விரிவடைந்தது உண்மை. திரைக்குப் பின்னால் நின்ற தேர்ந்த குரல்களுக்குப் பெரியதொரு தொழில் வாய்த்ததும் உண்மை. ஆயினும் அதுவரை பாடி நடித்த கலைஞரிடம் ஒருங்கே இருந்த திறன் இரண்டாகப் பிரிக்கப்பட்டு, அவற்றைச் சேர்க்கும் இடம் ஒலிப்பதிவுக் கூடமானது. அக்கூடத்தின் உரிமையாளரே இறுதி முடிவெடுப்பவரானார்.

காரைக்குடித் தளமும் ‘நாம் இருவர்’ படமும்

1945 அக்டோபர் 14இல் மெய்யப்பன் ‘ஏவிஎம் புரொடக்‌ஷன்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார். இரண்டாம் உலகப்போரின் தட்டுப்பாடுகள் நீங்காத காலம் அது. சென்னையில் தளம் அமைக்க ஏற்ற சூழல் இல்லாமையால், காரைக்குடியை அடுத்த தேவகோட்டை ரஸ்தாவில் நாடகக் கொட்டகை இருந்த இடத்தை வாடகைக்குப் பெற்று ஸ்டுடியோ அமைத்தார். கலைஞரும் தொழிலாளரும் அங்கேயே தங்கிப் பணியாற்றினர். 1948இல் ஸ்டுடியோ சென்னைக் கோடம்பாக்கத்துக்கு இடம்பெயர்ந்தது.

காரைக்குடித் தளத்தில் உருவான ‘நாம் இருவர்’ 1947 பொங்கலை ஒட்டி வெளிவந்தது. ப. நீலகண்டன் எழுதி, என்.எஸ்.கே. நாடக சபையினர் நடித்த நாடகமே இதன் மூலம். மெய்யப்பன் தாமே இயக்கினார், ஆர். சுதர்சனம் இசையமைத்தார். படத்தின் உயிர்நாடியாக அமைந்தவை பாரதியார் பாடல்கள். கருநாடக இசைக் கலைஞர் டி.கே. பட்டம்மாள் பாட, குமாரி கமலா நடனமாடினார். விடுதலை கிடைத்துவிட்டதாகவே கொண்டு பாரதியார் இயற்றிய ‘சுதந்திரப் பள்ளு’, உண்மையில் விடுதலை கிடைப்பதற்கு ஏழு திங்களுக்கு முன்னர்த் திரையரங்குகளில் ஒலித்தது.

இங்கு இசைத்தட்டு வணிகரின் அறிவு மூன்று நிலைகளில் செயற்பட்டது. எந்தப் பாட்டுக்கு அக்காலம் காத்திருக்கிறது என்று கணித்தது முதல்நிலை. பட்டம்மாளின் குரலையும் கமலாவின் ஆடலையும் இணைத்தது இரண்டாம் நிலை. ‘ஸ்ரீவள்ளி’யில் பிழை திருத்தும் வழியாக இருந்த குரல்-உடல் பிரிப்பு, இப்படத்தில் தொடக்கத்திலேயே திட்டமிட்ட அழகியலாயிற்று. மூன்றாம் நிலை, அப்பாடல்களைப் பயன்படுத்தும் உரிமையை முன்கூட்டியே விலைக்கு வாங்கியிருந்தது. அடுத்து வந்த பெரும் சிக்கலுக்கு இம்மூன்றாம் நிலையே காரணமாயிற்று.

பாடலின் உடைமை

பாரதியார் 1921 செப்டம்பரில் மறைந்தார். அவர் வாழ்ந்த காலத்தில் நூல்களால் வருவாய் பெரிதாகக் கிட்டவில்லை. மறைவுக்குப்பின் பதிப்புரிமை குடும்பத்தாரிடமிருந்து அவர் தம்பி சி. விசுவநாதனிடம் சென்றது. பாடல்களை இசைத்தட்டில் பதியும் உரிமை மட்டும் தனியே பிரிக்கப்பட்டுச் சென்னையில் நகை வணிகம் செய்த சுராஜ்மல் லல்லுபாய் நிறுவனத்தாரிடம் விற்கப்பட்டது. அவர்களிடமிருந்து மெய்யப்பன் அதனை வாங்கினார். ‘நாம் இருவர்’ படத்திலும் ‘வேதாள உலகம்’ (1948) படத்திலும் அவர் பாரதியார் பாடல்களைப் பயன்படுத்தியது இவ்வுரிமையின் அடிப்படையில்தான்.

நூலாக அச்சிடும் உரிமை வேறு, ஒலியாகப் பதியும் உரிமை வேறு என்று பிரித்துக் காண்பது அன்றைய தமிழ் எழுத்துலகுக்குப் புதிது. இசைத்தட்டுத் துறையினருக்கோ அது அன்றாட நடைமுறை. கவிதையைக் காகிதத்தில் கண்ட எழுத்தாளர் உலகம் அறியாத மதிப்பை, அதனை ஒலியாகக் கண்ட வணிக உலகம் அறிந்திருந்தது.

1948இல் டி.கே.எஸ். சகோதரர்கள் ‘பில்ஹணன்’ படத்தில் பாரதியார் பாடல் ஒன்றைச் சேர்த்தனர். தம் உரிமை மீறப்பட்டதாகக் கருதிய மெய்யப்பன் அவர்கள்மீது சட்ட நடவடிக்கை எடுத்தார். சட்டத்தின் பார்வையில் அவர் செய்தது தவறன்று. அன்று நடப்பிலிருந்த சட்டப்படி ஆசிரியர் மறைந்தபின் 50 ஆண்டுகள் உரிமை நிலைக்கும். பாரதியார் படைப்புகள் 1971 வரை தனியுடைமையாகவே இருந்திருக்கும். ஆனால், நாட்டு விடுதலைக்காகப் பாடிய கவிஞரின் பாட்டை விடுதலை பெற்ற நாட்டில் ஒருவர் அனுமதியின்றிப் பாடலாகாது என்னும் நிலையைத் தமிழ் எழுத்துலகம் ஏற்கவில்லை. வ.ரா., நாரண துரைக்கண்ணன் முதலிய எழுத்தாளர்கள் பாரதியார் படைப்புகளைப் பொதுவுடைமையாக்க வேண்டுமென முனைந்தனர். மேடைகளிலும் இதழ்களிலும் இக்கோரிக்கை ஒலித்தது.

ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் முதலமைச்சராகவும் தி.சு. அவினாசிலிங்கம் கல்வியமைச்சராகவும் இருந்த சென்னை மாகாண அரசு 1949இல் பாரதியார் படைப்புகளின் உரிமையைப் பெற்றது. விசுவநாதனுக்கு 15,000 ரூபாயும், செல்லம்மாள் பாரதிக்கும் இரு மகள்களுக்கும் தலா 5,000 ரூபாயும் வழங்கப்பட்டன. மெய்யப்பன் தம்மிடமிருந்த ஒலிப்பதிவு உரிமையை ஈட்டுத்தொகை பெறாமல் அரசிடம் ஒப்படைத்தார். 1955இல் அரசு அப்படைப்புகளை மக்களுக்கே உரியனவாக அறிவித்தது. எழுத்தாளர் ஒருவரின் ஆக்கங்களை அரசே உரிமை பெற்றுப் பொதுவுக்கு வழங்கிய இந்நிகழ்வின் வரலாற்றை ஆ.இரா. வேங்கடாசலபதி விரிவாக ஆராய்ந்துள்ளார். பிற்காலத்தில் தமிழக அரசு பல எழுத்தாளர்களின் நூல்களை நாட்டுடைமையாக்கியதற்கு இதுவே முன்மாதிரி.

மெய்யப்பனின் செயலைக் கொடை என்று மட்டும் புகழ்வதும், முதலில் உரிமை கோரியதை வணிகப் பேராசை என்று மட்டும் பழிப்பதும் போதா. அவர் உரிமையை வாங்கியிராவிடில் ‘நாம் இருவர்’ உருவாகியிராது என்று சொல்ல இடமுண்டு. அவர் உரிமையைக் கோரி நின்றிராவிடில் பாடல்களின் உடைமை பற்றிய வினா அத்துணைக் கூர்மையாக எழுந்திராது என்பதும் உண்மை. விலைக்கு வாங்கக்கூடிய ஒன்றை விலைக்கு வாங்கியவர், அது விலைக்கு உரியதன்று என்று மக்கள் சொன்னபோது விட்டுக்கொடுத்தார். இவ்விரு செயல்களையும் சேர்த்து நோக்கும்போதே அவருடைய இடம் தெளிவாகிறது.

ஸ்டுடியோவில் ஓர் இசைத்துறை

கோடம்பாக்கத்துக்கு வந்தபின் ஏவிஎம் நிறுவனத்தின் இசைப்பணி நிலையான அமைப்பாக உருவெடுத்தது. ஆர். சுதர்சனம் நெடுங்காலம் அதன் இசையமைப்பாளராக இருந்தார். எம்.எஸ். ராஜேஸ்வரி போன்ற பாடகர்கள் மாத ஊதியத்தில் பணிபுரிந்தனர். தனித்தனிப் படத்துக்கு ஒப்பந்தம் செய்வதினும், குரலைத் தொடர்ந்து கைவசம் வைத்திருப்பதே இம்முறையின் நோக்கம். இதனால் ஒத்திகைக்கும் திருத்தத்துக்கும் போதிய காலம் கிடைத்தது. கலைஞருக்கு உறுதியான வருவாய் கிடைத்தது. பிற நிறுவனங்களுக்குப் பாடும் வாய்ப்பு சுருங்கியது.

‘வாழ்க்கை’ (1949) படத்தில் வைஜயந்திமாலா அறிமுகமானார். இதே கதை தெலுங்கில் ‘ஜீவிதம்’ (1950) எனவும் இந்தியில் ‘பஹார்’ (1951) எனவும் எடுக்கப்பட்டது. பின்னணிக் குரல் முறை இல்லையெனில், ஒரு நடிகை மும்மொழிப் படங்களிலும் நாயகியாவது எளிதன்று. குரலைப் பிரிக்கும் தொழில்நுட்பமே மொழி எல்லையைக் கடக்கும் வணிகத்துக்கும் வழி திறந்தது.

அறிஞர் அண்ணாவின் ‘ஓர் இரவு’ (1951) படமாக்கப்பட்டபோது பாரதிதாசன் பாடல் ஒன்று அதில் இடம்பெற்றது. நேஷனல் பிக்சர்ஸ் பி.ஏ. பெருமாளுடன் இணைந்து உருவாக்கிய ‘பராசக்தி’ (1952) படத்துக்கும் சுதர்சனமே இசை. தேசிய இயக்கப் பாடலால் வெற்றிபெற்ற நிறுவனம், ஐந்தே ஆண்டுகளில் திராவிட இயக்கப் படைப்பாளிகளின் களமும் ஆயிற்று. சந்தை எதைக் கேட்கக் காத்திருக்கிறது என்று அறியும் இசைத்தட்டு வணிகரின் செவி இங்கும் விழிப்புடன் இருந்தது. ‘களத்தூர் கண்ணம்மா’ (1960) படத்தில் சிறுவன் கமல்ஹாசனுக்கு ராஜேஸ்வரி பாடியது, வயதையும் பாலையும் கடந்து குரல் உடலில் பொருந்துவதற்கு நல்ல சான்று.

பாட்டில்லாப் படம்

பாட்டின் வணிகத்தில் வளர்ந்த மெய்யப்பனே தமிழில் பாட்டில்லாத படத்தையும் தயாரித்தார் என்பது முரணாகத் தோன்றலாம். ‘அந்த நாள்’ (1954) பாட்டும் நடனமும் இன்றி உருவானது. இயக்கிய எஸ். பாலசந்தர் புகழ்பெற்ற வீணைக் கலைஞர் என்பது மேலும் வியப்பளிப்பது. சப்பானின் வானொலிக் கருவித் தொடர்பும் உளவும் கலந்த கொலைக்கதையைப் பலர் பலவாறு சொல்லும் அமைப்பில் அப்படம் நகர்ந்தது. பின்னணி இசையை வழங்கியது சரஸ்வதி ஸ்டோர்ஸ் இசைக்குழு. பாராட்டுகள் பெற்றும், வெளியான காலத்தில் வசூல் பெறவில்லை.

இதனை விதிவிலக்கு என்று ஒதுக்குவதற்கில்லை. பாடல் கதையிலிருந்து பிரித்தெடுத்து விற்கத்தக்க தனிப்பொருள் என்றால், அதனை முற்றிலும் நீக்கிவிட்டுக் கதையை நிறுத்தவும் இயலும் என்பது அதே எண்ணத்தின் மறுமுனை. பாட்டு எங்கு வேண்டும் என்று அறிந்தவரே எங்கு வேண்டாம் என்று துணிய முடியும். ஆனால் மக்கள் அன்று அதனை ஏற்கவில்லை. மெய்யப்பனும் அவ்வழியைத் தொடரவில்லை. ‘சர்வர் சுந்தரம்’ (1964), ‘குழந்தையும் தெய்வமும்’ (1965), ‘அன்பே வா’ (1966) எனப் பின்வந்த ஏவிஎம் படங்கள் எம்.எஸ். விசுவநாதன் முதலியோரின் பாடல்களாலும் நினைக்கப்படுகின்றன.

மதிப்பீடு

மெய்யப்பன் 1979 ஆகஸ்டு 12இல் மறைந்தார். அதற்கு ஈராண்டுக்கு முன்பு, 1977இல் இந்திய உச்சநீதிமன்றம் திரையிசை குறித்து முதன்மையான தீர்ப்பொன்றை வழங்கியது. படத்துக்காக ஊதியம் பெற்றுப் பாட்டெழுதுவோர், இசையமைப்போர் ஆகியோரின் ஆக்கங்களுக்கு, மாறான ஒப்பந்தம் இல்லாவிடில், தயாரிப்பாளரே முதல் உரிமையாளர் என்பது அத்தீர்ப்பின் சாரம். மெய்யப்பனின் தலைமுறைத் தயாரிப்பாளர்கள் நடைமுறையில் நிலைநிறுத்திய உறவுக்கு இது சட்ட வடிவம் தந்தது. 2012இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டு, பாடலாசிரியரும் இசையமைப்பாளரும் தம் பங்குத் தொகையைக் கைவிட இயலாத வகையில் பெற வழிசெய்யப்பட்டது. ‘பில்ஹணன்’ வழக்கில் எழுந்த வினா, பாட்டு யாருக்கு உரியது என்பது, அறுபது ஆண்டுகளுக்குப் பின்னும் விடைதேடிக் கொண்டிருந்ததையே இது காட்டுகிறது.

முடிவுரை

மேற்கண்ட ஆய்வினால் பின்வரும் கருத்துகள் பெறப்படுகின்றன.

மெய்யப்பனின் இசைத்தட்டு வணிகம் அவருடைய திரைவாழ்வுக்கு முன்னுரை மட்டுமன்று. அதன் அடித்தளமும் ஆகும். தயாரிப்பாளராக அவர் எடுத்த முதன்மையான முடிவுகள் பலவற்றில் இசைத்தட்டு வணிகரின் பார்வையைக் காணலாம்.

‘நந்தகுமார்’ முதல் ‘ஸ்ரீவள்ளி’ வரை வளர்ந்த பின்னணிக் குரல் முறை நடிப்பையும் பாட்டையும் தனித்தனித் தொழில்களாக்கியது. அதனால் புதிய கலைஞர் பலர் உருவாயினர். கலைஞரின் குரல்மீது தயாரிப்பாளருக்கு இருந்த அதிகாரமும் பெருகியது.

பாரதியார் பாடல்களின் உரிமைச் சிக்கல், பாட்டை உடைமையாகக் கருதும் வணிக நோக்குக்கும் மக்களின் பொதுச்செல்வமாகக் கருதும் நோக்குக்கும் இடையே நிகழ்ந்தது. அதில் வணிகர் சட்டப்படி நின்றார். மக்கள் வேண்டியபோது விலகினார்.

தமிழ்த் திரையிசை வரலாறு பெரும்பாலும் இசையமைப்பாளர், பாடலாசிரியர், பாடகர் ஆகியோரைக் கொண்டே எழுதப்பட்டு வருகிறது. பாட்டைத் தேர்ந்தும் வாங்கியும் மாற்றியும் விற்ற வணிகரின் பங்கும் அவ்வரலாற்றில் சேரவேண்டும். அவ்வாறு சேரும்போது, மாத ஊதியத்தில் பாடி மறைந்த குரல்களின் கணக்கும் உடன் எழுதப்பட வேண்டும். ‘ஸ்ரீவள்ளி’யில் நீக்கப்பட்ட ருக்மிணியின் பாட்டும், முகம் காணாத பெரியநாயகியின் பாட்டும் ஒரே வரலாற்றின் இரு பக்கங்கள்.